லினக்ஸ் சேர்வரில் லைசன்ஸ் கீ ஏறவில்லையா? மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டியூட்டரி, தனியார் மருத்துவ நிலையம், அரிசி ஆலை, கூட்டுறவுச் சங்கம், பாடசாலை ஆய்வுகூடம் என்று நம் பக்கத்தில் பல இடங்களில் ஒரு மூலையில் லினக்ஸ் சேர்வர் ஓடிக்கொண்டிருக்கிறது. அதைப் பூட்டிக் கொடுப்பவர் பெரும்பாலும் ஊரிலேயே உள்ள ஒரு இளைஞர். லினக்ஸை ஏற்றுவது அவருக்குச் சிரமமில்லை. அதற்கு மேல் காசு கட்டி வாங்கிய மென்பொருளை ஏற்றும்போது 'கீ செல்லுபடியாகாது' என்று ஒரு வரி வந்து நிற்கும். அங்கேதான் அரை நாள் போய்விடும். அந்த அரை நாளை மிச்சப்படுத்தவே இந்தப் பக்கம்.

கட்டளைகளை ஒலிப்பின்படி தமிழில் தந்திருக்கிறேன். டெர்மினலில் (கட்டளை அடிக்கும் திரையில்), பெரிய எழுத்து என்று நான் சொல்லும் இடங்களைத் தவிர, ஆங்கிலச் சிறிய எழுத்தில் அடியுங்கள்.

காசு கட்டி வாங்கிய கீதான். ஆனாலும் பிழை என்கிறது. முதலில் எதைப் பார்ப்பது?

கீயைச் சந்தேகப்படுவதற்கு முன் மற்ற எல்லாவற்றையும் சந்தேகப்படுங்கள். விற்பனையாளர் பிழையான கீயை அனுப்புவது அபூர்வம். பெரும்பாலும் நடப்பது வேறு: கீ வரும் வழியில் ஒரு எழுத்து மாறியிருக்கும், அல்லது சேர்வரின் திகதி பிழையாக இருக்கும், அல்லது சரிபார்க்கும் தளத்துக்குச் சேர்வரால் போக முடியாமல் இருக்கும், அல்லது அந்தக் கீ வேறொரு இயந்திரத்தோடு கட்டப்பட்டிருக்கும். இந்த நாலுக்கும் பல மென்பொருள்கள் திரையில் ஒரே வசனத்தைத்தான் காட்டுகின்றன. அதனால்தான் ஆட்கள் குழம்புகிறார்கள்.

உண்மையான காரணம் பதிவுக் கோப்பில் இருக்கும். 'ஜேர்னல்சிடிஎல் -யூ' என்று அடித்து, பக்கத்தில் அந்தச் சேவையின் (பின்னணியில் ஓடும் நிரலின்) பெயரைப் போட்டு, கடைசி ஐம்பது வரியை வாசியுங்கள். மென்பொருள் தன் பதிவைத் தனியாக வைத்திருந்தால் அது /வார்/லொக் அடைவுக்குள் இருக்கும். 'டைம் அவுட்' என்று கண்டால் இணைப்பைப் பாருங்கள். 'சேர்ட்டிஃபிகேட்' என்று கண்டால் திகதியைப் பாருங்கள். 'ஹோஸ்ட் ஐடி' (இயந்திரத்தின் அடையாளம்) என்று கண்டால் இயந்திரத்தைப் பாருங்கள். ஒன்றுமே இல்லாமல் 'இன்வேலிட்' என்று மட்டும் இருந்தால்தான் கீயின் எழுத்துக்களுக்கு வர வேண்டும்.

கீயை வட்ஸ்அப்பில் அனுப்பினார்கள். அப்படியே பார்த்து அடித்தேன். ஏன் ஏற்கவில்லை?

பார்த்து அடித்ததுதான் காரணமாக இருக்கலாம். சுழியமும் பெரிய ஓ எழுத்தும், ஒன்றும் சின்ன எல் எழுத்தும் பெரிய ஐ எழுத்தும் பல எழுத்துருக்களில் ஒரே மாதிரித் தெரியும். ஸ்கிரீன்ஷொட்டில் வந்த கீ என்றால் இன்னும் மோசம். வட்ஸ்அப்பில் ஒரு சொல்லின் இரண்டு பக்கமும் கீழ்க்கோடு வந்தால் அதைச் சாய்வெழுத்தாக்கிவிட்டு, அந்தக் கோட்டைத் திரையில் மறைத்துவிடும். கண்ணால் பார்ப்பவருக்கு அங்கே கோடு இருந்ததே தெரியாது.

சரி, பிரதி எடுத்து ஒட்டினால் சரியாகிவிடுமா? அதுவும் எப்போதும் இல்லை. கீயை யாராவது வேர்டில் ஒட்டி வைத்திருந்தால், வேர்ட் நடுவில் உள்ள சின்னக் கோட்டைச் சில வேளை நீளக் கோடாக மாற்றியிருக்கும். கண்ணுக்கு இரண்டும் ஒன்று. கணினிக்கு இரண்டு வெவ்வேறு எழுத்து. பீடிஎஃப்பிலிருந்து எடுத்தால் வரி உடையும் இடத்தில் ஒரு வெற்றிடம் நுழையும். ஈமெயிலிலிருந்து எடுத்தால் கடைசியில் ஒரு இடைவெளி ஒட்டிக்கொண்டு வரும். நீளமான லைசன்ஸ் கோப்புகள் சமக்குறியில் முடிவது வழக்கம். இரண்டு தரம் சொடுக்கித் தெரிவு செய்யும்போது சில டெர்மினல்களில் அந்தச் சமக்குறி தெரிவுக்குள் வராது.

இதைக் கண்ணால் பிடிக்க ஒரு நல்ல வழி உண்டு. கீயை ஒரு கோப்பில் போட்டு, 'கேட்' கட்டளையோடு சின்னக் கோடும் பெரிய ஏ எழுத்தும் சேர்த்து அந்தக் கோப்பைத் திறந்து பாருங்கள். மறைந்திருக்கும் எல்லாம் வெளியே வரும். ஒவ்வொரு வரியின் முடிவிலும் $ குறி ஒன்று மட்டும் நிற்க வேண்டும். அதற்கு முன் ^ குறியும் பெரிய எம் எழுத்தும் சேர்ந்து நின்றால் அந்தக் கோப்பு விண்டோஸிலிருந்து வந்தது. 'டொஸ்2யுனிக்ஸ்' கட்டளையைக் கொடுத்தால் போய்விடும். $ குறிக்கு முன் வெறுமையாக ஒரு இடம் இருந்தால் அது கடைசி இடைவெளி. கீயின் நடுவில், கோடு இருக்க வேண்டிய இடத்தில், எம் எழுத்தும் கோடுமாக ஒரு நீண்ட கோர்வை வந்தால் அதுதான் வேர்ட் மாற்றிய நீளக் கோடு. அதை அழித்துவிட்டு விசைப்பலகையில் உள்ள சாதாரணக் கோட்டைப் போடுங்கள். கோப்பின் ஆரம்பத்திலேயே இப்படி ஒரு கோர்வை நின்றால், பழைய நோட்பேட் போட்டுவிட்ட மூன்று பைட் முத்திரை அது. அதையும் எடுக்க வேண்டும்.

கீக்குள் டொலர் குறியோ ஆச்சரியக்குறியோ இருந்து, அதைக் கட்டளை வரியில் கொடுப்பதாக இருந்தால் ஒற்றை மேற்கோளுக்குள் வையுங்கள். இல்லாவிட்டால் ஷெல் (கட்டளைகளை வாங்கி ஓட்டும் நிரல்) அதைத் தன் பாட்டுக்கு மாற்றிவிடும்.

கீயை ஒருவருக்கு அனுப்பும்போது கோப்பாகவே இணைத்து அனுப்புங்கள். செய்திக்குள் எழுதி அனுப்பாதீர்கள்.

வேர்டில் வைத்திருந்த கீ தமிழ் எழுத்தாகத் தெரிகிறது. அழிந்துவிட்டதா?

இல்லை, பயப்படாதீர்கள். அந்த ஆவணம் பாமினியில் (ஆங்கில எழுத்தைத் தமிழ் வடிவில் காட்டும் பழைய எழுத்துருவில்) இருக்கிறது. அவ்வளவுதான். நம்முடைய அலுவலகங்களில் இன்னும் பாமினியில் கடிதம் அடிப்பவர்கள் இருப்பதால் இது அடிக்கடி நடக்கும். கீயைத் தெரிவு செய்து எழுத்துருவை ஏரியலுக்கு மாற்றினால் ஆங்கில எழுத்துக்கள் திரும்பி வரும். ஆனால் வேர்டின் தானியங்கித் திருத்தம் இடையில் ஏதாவது சின்ன எழுத்தைப் பெரிதாக்கியிருக்கலாம். ஆகவே மூல ஈமெயிலோடு ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள்.

'லைசன்ஸ் இன்னும் ஆரம்பமாகவில்லை' என்று வருகிறது. வாங்கியது போன வாரம்.

சேர்வரின் திகதியைப் பாருங்கள். 'டேட்' என்று அடித்தால் போதும். அனேகமாக அது பல வருடம் பின்னால் நிற்கும்.

தாய்ப்பலகையில் நாணயம் போல ஒரு பற்றரி இருக்கிறது. பெரும்பாலும் சிஆர்2032, 3 வோல்ட். கரண்ட் இல்லாத நேரத்தில் கடிகாரத்தை ஓட வைப்பது அதுதான். பழைய மேசைக் கணினியைச் சேர்வராக்கியிருக்கும் இடங்களில் அந்தப் பற்றரி எப்போதோ செத்திருக்கும். இயந்திரம் நாள் முழுக்க ஓடும்வரை யாருக்கும் தெரியாது. 2022இல் நாடு முழுவதும் நீண்ட மின்வெட்டு இருந்த காலத்தை நினைத்துப் பாருங்கள். அப்படியொரு வெட்டுக்குப் பிறகு சேர்வர் எழும்பும்போது தன் திகதியை மறந்துதான் எழும்பும். அந்தத் திகதிப்படி பார்த்தால் உங்கள் லைசன்ஸ் எதிர்காலத்தில்தான் ஆரம்பமாகிறது. பாதுகாப்பான இணைப்புக்கான சான்றிதழ்களும் எதிர்காலத்தில் உள்ளவையாகத் தெரியும். ஆகவே ஒன்லைன் சரிபார்ப்பும் சேர்ந்து விழும்.

'டைம்டேட்சிடிஎல் செட்-என்டிபி ட்ரூ' என்று கொடுத்தால் இணையத்திலிருந்து நேரத்தை எடுத்துக்கொள்ளும். இது யூடிபி 123ஆம் போர்ட்டில் (இணைப்பு போகும் எண்ணிட்ட வாசலில்) போகிறது. உங்கள் ரவுட்டரோ ஃபயர்வாலோ அதை மறித்திருக்கக் கூடாது. பற்றரியையும் மாற்றிவிடுங்கள். நேரத்தைத் திருத்திவிட்டுப் பற்றரியை விட்டுவிட்டால் அடுத்த மழைக்கு இதே கதைதான்.

நேர வலயத்தை 'ஏசியா/கொழும்பு' என்று வையுங்கள் (இரண்டு சொல்லின் முதல் எழுத்தும் பெரிய எழுத்து). பலர் விடும் ஒரு பிழை: வலயம் யூடிசியிலேயே (உலகப் பொது நேரத்திலேயே) இருக்க, கைக்கடிகாரத்தைப் பார்த்து நேரத்தைக் கையால் வைப்பது. திரையில் நேரம் சரியாகத் தெரியும். ஆனால் உள்ளே சேர்வர் 5 மணி 30 நிமிடம் முன்னால் ஓடும். லைசன்ஸ் சரிபார்ப்பு உள்நேரத்தைத்தான் எடுக்கும். ஒரே கணினியில் விண்டோஸும் லினக்ஸும் மாறி மாறி ஏற்றுபவர்களுக்கும் இதே ஐந்தரை மணி வித்தியாசம் வரும். ஏனென்றால் விண்டோஸ் வன்பொருள் கடிகாரத்தில் உள்ளூர் நேரத்தை எழுதுகிறது, லினக்ஸ் யூடிசியை எழுதுகிறது.

பரீட்சார்த்தக் காலம் முடிந்துவிட்டது. திகதியைப் பின்னுக்கு வைத்தால் ஓடுமா?

வேண்டாம். பல மென்பொருள்கள் வட்டில் உள்ள கோப்புகளின் திகதியைப் பார்த்து, கடிகாரம் பின்னுக்கு இழுக்கப்பட்டதைக் கண்டுபிடிக்கும். ஃப்ளெக்ஸ்நெட் (லைசன்ஸ் சரிபார்க்கும் ஒரு முறைமை) பாவிக்கும் மென்பொருளில் அதற்கென்றே -88 என்ற பிழை எண் இருக்கிறது. அதைவிடப் பெரிய சேதம் உங்கள் தரவுக்குத்தான். இன்றைய பில்லில் மூன்று மாதத்துக்கு முந்திய திகதி விழுந்தால் அந்தக் கணக்கை யார் நேர் செய்வது?

இணையம் வேலை செய்கிறது. ஆனால் அக்டிவேஷன் சேர்வருக்கு (கீயைச் சரிபார்க்கும் விற்பனையாளரின் சேர்வருக்கு) போக முடியவில்லை என்கிறதே?

'இணையம் வேலை செய்கிறது' என்பதை எங்கே பார்த்தீர்கள்? உங்கள் போனிலா, மடிக்கணினியிலா, அந்தச் சேர்வரிலேயேவா? சேர்வரின் டெர்மினலில் இருந்து 'கேர்ள் -வி' (சி, யூ, ஆர், எல்) என்று கொடுத்து, விற்பனையாளரின் அக்டிவேஷன் முகவரியைப் போட்டுப் பாருங்கள். எந்தப் படியில் நிற்கிறது என்று வரி வரியாகச் சொல்லும்.

பெயரைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்றால் டிஎன்எஸ் (பெயரை ஐபி முகவரியாக்கும் சேவை) பிரச்சினை. தொடுப்பு எடுக்காமல் நின்றால் ஃபயர்வால். எல்லா மென்பொருளும் வழமையான 443ஆம் போர்ட்டில் கதைப்பதில்லை. இணையத்தளச் சேர்வரை நிர்வகிக்கும் சீபெனலின் லைசன்ஸ் சரிபார்ப்புக்கு 2089ஆம் போர்ட் வெளியே போகத் திறந்திருக்க வேண்டும். அதே வகையான பிளெஸ்க் 5224ஐயும் பாவிக்கிறது. பாடசாலை, கம்பஸ், அரச அலுவலக வலையமைப்புகளில் இப்படியான போர்ட்டுகள் பெரும்பாலும் மூடியிருக்கும். அங்குள்ள பொறுப்பாளரிடம் போர்ட் எண்ணோடு கேட்டால்தான் திறந்து தருவார். 'நெட் வேலை செய்யவில்லை' என்று பொதுவாகச் சொன்னால் அவராலும் ஒன்றும் செய்ய முடியாது.

புரொக்சி (இணையத்துக்குப் போகும் வழியில் இடைத்தரகராக நிற்கும் சேர்வர்) உள்ள இடம் என்றால் இன்னொன்றும் உண்டு. 'ஏப்ட்' (உபுண்டு, டெபியனில் மென்பொருள் பொதிகளை நிறுவும் கட்டளை) ஒழுங்காகப் பொதிகளை இறக்கும். ஏனென்றால் அதற்கென்று தனிப் புரொக்சி அமைப்பு இருக்கிறது. அக்டிவேஷன் நிரலுக்கு அந்த அமைப்பு தெரியாது. நீங்கள் ஷெல்லில் புரொக்சி மாறியை வைத்திருந்தாலும், 'சூடோ' (முழு உரிமை உள்ள ரூட் பயனராக ஓட்டும் கட்டளை) போட்டவுடன் அது உதிர்ந்துவிடும். 'சூடோ'வோடு சின்னக் கோடும் பெரிய ஈ எழுத்தும் சேர்த்துக் கொடுத்துப் பாருங்கள்.

சான்றிதழ் பிழை வந்து, திகதியும் சரியாக இருந்தால், உங்கள் லினக்ஸ் மிகப் பழையதாக இருக்கலாம். 'டிஎஸ்டி ரூட் சிஏ எக்ஸ்3' என்ற மூலச் சான்றிதழ் 2021 செப்டம்பர் 30ஆம் திகதி காலாவதியானது. அதற்குப் பிறகு சென்டொஸ் 7, உபுண்டு 16.04 போன்ற பழைய அமைப்புகள், இற்றைப்படுத்தாமல் இருந்தால், நல்ல தளங்களையே நம்ப மறுத்தன. 'சிஏ-சேர்ட்டிஃபிகேட்ஸ்' பொதியை இற்றைப்படுத்துங்கள். சரிபார்ப்பை நிறுத்திவிடும் தெரிவுகளை யாராவது பரிந்துரைத்தால் கேட்காதீர்கள்.

சேர்வர் இருக்கும் இடத்தில் இணையமே இல்லை. என்ன செய்வது?

ஒஃப்லைன் அக்டிவேஷன் இருக்கிறதா என்று வாங்கும் முன்பே கேளுங்கள். இருந்தால், சேர்வர் ஒரு கோரிக்கைக் கோப்பைத் தரும். அதைப் பென் ட்ரைவில் எடுத்துப்போய் இணையம் உள்ள கணினியில் ஏற்ற, பதில் கோப்பு ஒன்று வரும். அதைத் திரும்பக் கொண்டுவந்து சேர்வரில் போட வேண்டும். இடையில் சேர்வரின் பெயரையோ நெட்வொர்க் கார்டையோ மாற்றாதீர்கள்.

சீபெனல் லைசன்ஸ் எங்கள் கடைச் சேர்வரில் ஏறவில்லை. அதே லைசன்ஸ் வாடகைச் சேர்வரில் ஓடியது.

சீபெனல் லைசன்ஸ் வெளி உலகுக்குத் தெரியும் ஐபி முகவரியோடு கட்டப்பட்டது. வாடகைச் சேர்வருக்கு நிலையான முகவரி உண்டு. உங்கள் கடையின் 4ஜி ரவுட்டருக்கு அது இல்லை. பல வாடிக்கையாளர்கள் ஒரே வெளி முகவரியைப் பகிர்ந்துகொள்ளும்படி இணைப்பு வந்திருக்கலாம். ரவுட்டரின் அமைப்புப் பக்கத்தில் வெளிமுகவரி 100.64 முதல் 100.127 வரையான தொடரில் ஆரம்பித்தால் அதுதான் நிலைமை. அந்த முகவரியில் லைசன்ஸ் நிற்காது. நிலையான ஐபி தரச் சொல்லி இணையச் சேவை நிறுவனத்திடம் கேட்கலாம். ஆனால் என் கருத்து, இணையத்தளம் நடத்தும் சேர்வரைக் கடைக்குள் வைக்க வேண்டியதில்லை. கரண்டும் இணைப்பும் நம் கையில் இல்லாத இடத்தில் அதை வைத்து மினக்கெடுவதைவிட வாடகைக்கு எடுப்பது மேல்.

மெய்நிகர் இயந்திரத்தைப் பிரதி எடுத்தேன். பிரதியில் லைசன்ஸ் விழுந்துவிட்டது, சில நாளில் மூலத்திலும் விழுந்தது.

பல மென்பொருள்கள் இயந்திரத்தை அடையாளம் காண மூன்று விடயங்களைப் பார்க்கும்: நெட்வொர்க் கார்டின் மேக் முகவரி, வன்பொருளின் யூயூஐடி (தனி அடையாள எண்), /ஈடிசி/மெஷின்-ஐடி கோப்பில் உள்ள 32 எழுத்து அடையாளம். பிரதி எடுக்கும்போது முதல் இரண்டும் மாறலாம், மூன்றாவது அப்படியே வரும். அக்டிவேஷன் சேர்வருக்கு இது ஒரே அடையாளத்தில் இரண்டு இயந்திரம் கதைப்பது போலத் தெரியும். அது சந்தேகப்பட்டு இரண்டையும் நிறுத்தியிருக்கும்.

பிரதி எடுத்தவுடன், லைசன்ஸ் மென்பொருளைத் தொடுவதற்கு முன், மெஷின்-ஐடி கோப்பை வெறுமையாக்கி 'சிஸ்டம்டி-மெஷின்-ஐடி-செட்டப்' கொடுங்கள். புது அடையாளம் உருவாகும். மூல இயந்திரத்தில் இதைச் செய்யாதீர்கள். அங்கே ஏற்கெனவே இருக்கும் லைசன்ஸும் உடைந்துவிடும். மெய்நிகர் இயந்திரத்தின் மேக் முகவரியை அமைப்பில் நிலையாக எழுதி வையுங்கள். டொக்கர் கொள்கலனுக்கும் (மென்பொருளைத் தனியாக அடைத்து ஓட்டும் முறைக்கும்) இது பொருந்தும். கொள்கலனை அழித்துத் திரும்ப உருவாக்கும்போது அடையாளங்கள் மாறலாம்.

யூஎஸ்பி டொங்கிளில் இணையம் எடுக்கும் சேர்வரில் கவனம் தேவை. சில மென்பொருள்கள் டொங்கிளின் மேக் முகவரியைப் பிடித்துக்கொள்ளும். டொங்கிளைக் கழற்றிய நாளில் லைசன்ஸும் போய்விடும். அக்டிவேட் செய்யும்போது பலகையோடு உள்ள நெட்வொர்க் கார்டு மட்டும் இயங்கும்படி வையுங்கள்.

பழைய இயந்திரத்திலிருந்து புதியதற்கு மாறுவதாக இருந்தால், பழையது உயிரோடு இருக்கும்போதே அதில் 'டீஅக்டிவேட்' செய்துவிடுங்கள். கார்த்திகை, மார்கழி வெள்ளத்தில் சேர்வர் மூழ்கிவிட்டால் அந்த வாய்ப்பு இருக்காது. அப்போது விற்பனையாளருக்கு எழுதி லைசன்ஸை விடுவிக்கக் கேட்க வேண்டும். பற்றுச்சீட்டு இருந்தால் பெரும்பாலும் செய்து தருவார்கள். சேர்வரை மேசைக்குக் கீழே, நிலத்தில் வைத்திருப்பவர்கள் இன்றே மேலே தூக்கி வையுங்கள்.

கம்பஸ் ஆய்வுகூடத்தில் லைசன்ஸ் சேர்வரை எழுப்பினால் 'அப்படியொரு கோப்பு இல்லை' என்கிறது. கோப்பு கண் முன்னால் இருக்கிறது!

பொறியியல் மென்பொருள்கள் பலவற்றுக்கு ஃப்ளெக்ஸ்நெட் தான் லைசன்ஸ் கொடுக்கிறது. அதன் சேவை நிரல் 'எல்எம்ஜிஆர்டி'. அந்த நிரல் இருக்கிறது, உண்மைதான். இல்லாதது அதை நினைவகத்தில் ஏற்றும் எல்எஸ்பி (லினக்ஸ் பொதுத் தரம்) ஏற்றி. உபுண்டு, டெபியன், ரெட் ஹற் வகைகள் எல்லாவற்றிலும் அது தானாக வருவதில்லை. எல்எஸ்பி பொதியை நிறுவினால் அந்தச் செய்தி போய்விடும். உங்கள் பதிப்பில் அந்தப் பொதி இல்லையென்றால், எல்எஸ்பி ஏற்றியின் பெயரில் ஒரு குறியீட்டு இணைப்பு உண்டாக்கி அதைச் சாதாரண ஏற்றிக்குக் காட்டலாம்.

அடுத்து வருவது ஹோஸ்ட் ஐடி வெறுமையாகவோ பூச்சியமாகவோ தெரிவது. பழைய பதிப்புகள் நெட்வொர்க் இடைமுகத்தை 'ஈத்0' என்ற பெயரில்தான் தேடும். இப்போதைய லினக்ஸ் வேறு பெயர் வைக்கிறது. கேர்னல் வரியில் (லினக்ஸ் எழும்பும்போது வாசிக்கும் வரியில்) 'நெட்.இஃப்நேம்ஸ்=0' சேர்த்தால் பழைய பெயர் திரும்பும்.

லைசன்ஸ் கோப்பின் முதல் வரியில் சேர்வர் பெயர், ஹோஸ்ட் ஐடி, போர்ட் மூன்றும் இருக்கும். பெயரையும் போர்ட்டையும் நீங்கள் மாற்றலாம். ஹோஸ்ட் ஐடியைத் தொட்டால் கையொப்பம் உடைந்துவிடும். வழமையான போர்ட் 27000 முதல் 27009 வரை. ஆனால் விற்பனையாளரின் சேவை ஒவ்வொரு முறையும் வேறு போர்ட்டை எடுக்கும். ஃபயர்வால் உள்ள இடத்தில் இதுதான் உயிரை எடுக்கும்: சேர்வரில் எல்லாம் பச்சையாக இருக்கும், மாணவரின் கணினியில் திறக்காது. லைசன்ஸ் கோப்பில் 'வென்டர்' என்று ஆரம்பிக்கும் வரியில் போர்ட்டை நிலையாக எழுதி, ஃபயர்வாலில் இரண்டு போர்ட்டையும் திறந்துவிடுங்கள்.

டெபியன் வகையில் /ஈடிசி/ஹோஸ்ட்ஸ் கோப்பில் சேர்வரின் சொந்தப் பெயர் 127.0.1.1 என்று எழுதப்பட்டிருக்கும். அதை உண்மையான உள்முகவரிக்கு மாற்றுங்கள். பிழை எண்களில் -15 என்றால் சேர்வரைத் தொட முடியவில்லை, -97 என்றால் விற்பனையாளரின் சேவை விழுந்துவிட்டது, -9 என்றால் ஹோஸ்ட் ஐடி பொருந்தவில்லை, -8 என்றால் கோப்பு மாற்றப்பட்டிருக்கிறது, -10 என்றால் காலம் முடிந்தது.

கையால் ஓட்டினால் லைசன்ஸை எடுக்கிறது. சேவையாகப் போட்டால் எடுக்கவில்லை.

கையால் ஓட்டும்போது நீங்கள் ரூட். சேவையாக ஓடும்போது அது தனக்கென்று ஒரு பயனராக ஓடுகிறது. அந்தப் பயனருக்கு லைசன்ஸ் கோப்பை வாசிக்க உரிமை இருக்கிறதா? கோப்பின் குழுவைச் சேவைக்குரிய குழுவாக மாற்றி, 640 உரிமை (சொந்தக்காரர் எழுதலாம், குழு வாசிக்க மட்டும் முடியும்) கொடுங்கள். எல்லோருக்கும் 777 கொடுப்பது தீர்வில்லை.

ரெட் ஹற், அல்மா, ரொக்கி வகைகளில் உரிமை சரியாக இருந்தும் மறுக்கும். கோப்பை உங்கள் வீட்டு அடைவிலிருந்து 'எம்வி' கொடுத்து நகர்த்தினீர்களா? அப்படியென்றால் அது வீட்டு அடைவின் எஸ்ஈலினக்ஸ் (லினக்ஸின் கூடுதல் பாதுகாப்புக் காவல்) அடையாளத்தைக் கையோடு கொண்டுபோயிருக்கும். 'எல்எஸ்' கட்டளையோடு பெரிய இசட் சேர்த்துப் பார்த்தால் தெரியும். 'ரிஸ்டோர்கொன்' கொடுத்தால் இடத்துக்கேற்ற அடையாளம் வந்துவிடும். எஸ்ஈலினக்ஸை மொத்தமாக நிறுத்தத் தேவையில்லை.

லைசன்ஸ் இருக்கும் இடத்தைச் சூழல் மாறியில் சொல்பவர்கள் அதை 'பாஷ்ஆர்சி' (ஷெல் திறக்கும்போது வாசிக்கும்) கோப்பில் எழுதுவார்கள். சேவைகள் அந்தக் கோப்பை வாசிப்பதில்லை. 'சிஸ்டம்சிடிஎல் எடிட்' கொடுத்து, சேவைக்குள்ளேயே அந்த மாறியை எழுதுங்கள்.

'நோ பப்கீ' என்று ஏப்ட் சொல்கிறது. லைசன்ஸ் போய்விட்டதா?

இதற்கும் லைசன்ஸுக்கும் தொடர்பில்லை. பொதிகள் வரும் களஞ்சியத்தின் கையொப்பத்தைச் சரிபார்க்கும் சாவி அது; இலவசமாகவே கிடைக்கும். விற்பனையாளரின் தளத்திலிருந்து இறக்கி /ஈடிசி/ஏப்ட்/கீரிங்ஸ் அடைவில் போட்டு, களஞ்சிய வரியில் அதைச் சுட்டுங்கள். பழைய 'ஏப்ட்-கீ' கட்டளையை இப்போது பாவிப்பதில்லை.

லினக்ஸில் எம்எஸ் எஸ்கியூஎல் சேர்வர் போட்டோம். ஆறு மாதம் நன்றாக ஓடி, ஒரு நாள் எழும்பவே இல்லை.

நிறுவும்போது 'இவால்யுவேஷன்' பதிப்பைத் தெரிவு செய்திருக்கிறீர்கள். அது 180 நாள் பரீட்சார்த்தம். முடிந்ததும் சேவை ஆரம்பமாகாது. தரவு அப்படியே இருக்கும், கவலை வேண்டாம். 'எம்எஸ்எஸ்கியூஎல்-கொன்ஃப் செட்-எடிஷன்' கொடுத்து வேறு பதிப்புக்கு மாற்றலாம். சிறிய கடைக்கு இலவச எக்ஸ்பிரஸ் போதும். 2022 வரையான பதிப்புகளில் ஒரு தரவுத்தளம் 10 ஜிபியைத் தாண்டக் கூடாது. டெவலப்பர் பதிப்பும் இலவசம்தான், ஆனால் வியாபாரத்தில் ஓட்ட அனுமதி இல்லை. நினைவகம் ஆகக் குறைந்தது 2 ஜிபி வேண்டும். அது குறைந்தாலும் சேவை எழும்பாது. அதைக் கீ பிழை என்று நினைத்துக் காசு கட்டாதீர்கள்.

ரெட் ஹற், உபுண்டு இவற்றுக்கும் கீ வேண்டுமா?

உபுண்டுவுக்குத் தேவையில்லை. நீடித்த பாதுகாப்பு இற்றைப்படுத்தல் வேண்டுமானால் உபுண்டு ப்ரோ டோக்கன். தனிநபருக்கு 5 இயந்திரம் வரை இலவசம். ரெட் ஹற்றுக்குப் பதிவு வேண்டும். தனிநபர் டெவலப்பர் சந்தாவில் 16 இயந்திரம் வரை காசில்லாமல் கிடைக்கும். சென்டொஸ் 7இன் ஆதரவு 2024 ஜூன் 30ஆம் திகதியோடு முடிந்துவிட்டது. அதில் புதிதாக எதையும் நிறுவாதீர்கள்.

டெலிகிராமில் கிராக் கீ கிடைக்கிறது. டொலர் விலைக்கு எங்களால் கட்ட முடியாது.

டொலர் விலை பற்றிச் சொல்வது உண்மை. 2022இல் ரூபா விழுந்தபோது, ஏற்கெனவே இருந்த லைசன்ஸைப் புதுப்பிக்கவே பலர் திணறினார்கள். ஆனாலும் சேர்வரில் கிராக் போடாதீர்கள் என்று கையெடுத்துக் கேட்கிறேன்.

கிராக் என்பது பெரும்பாலும் ரூட் உரிமையில் ஓட்டச் சொல்லும் ஒரு ஸ்கிரிப்ட். அதற்குள் என்ன இருக்கிறது என்று நீங்கள் வாசிக்கவில்லை. அதை ஓட்டிய நிமிடத்திலிருந்து அந்தச் சேர்வர் உங்களுடையது மட்டும் அல்ல. அதில் இருப்பது ஒரு கிளினிக்குக்கு வந்த கர்ப்பிணித் தாயின் விபரமாக இருக்கலாம். சங்கத்து அங்கத்தவர்களின் சேமிப்புக் கணக்காக இருக்கலாம். அவர்கள் உங்களை நம்பித் தந்தது அது. சட்டமும் இருக்கிறது: 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்க புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரல்களைப் பாதுகாக்கிறது.

கட்ட முடியாவிட்டால் கீயே தேவைப்படாத மென்பொருளுக்கு வாருங்கள். தரவுத்தளத்துக்கு போஸ்ட்கிரெஸ்கியூஎல், மரியாடிபி. கோப்புப் பகிர்வுக்கு நெக்ஸ்ட்கிளவுட். அமைப்புக்கு டெபியன், அல்மா. இவை ஏழைகளுக்கான மாற்று அல்ல; உலகின் பெரிய நிறுவனங்களே பாவிப்பவை. கற்றுக்கொள்ள நேரம் எடுக்கும், அது உண்மை.

லைசன்ஸ் வாங்கித் தந்த தம்பி கட்டாருக்குப் போய்விட்டார். கீ எங்கே என்று யாருக்கும் தெரியாது.

இந்தப் பக்கத்தில் எனக்கு ஆகவும் மனவருத்தம் தரும் கேள்வி இது. தொழில்நுட்பப் பிழை எதுவும் இல்லாமல், காசும் கட்டி, ஒரு நிறுவனம் தன் மென்பொருளை இழக்கிறது. காரணம் எளிது. லைசன்ஸைப் பூட்டிக் கொடுத்தவர் தன் சொந்த ஜிமெயிலில் பதிந்திருப்பார். கெட்ட எண்ணம் இல்லை. அந்த நேரத்தில் அதுதான் கைவசம் இருந்தது. பிறகு அவர் வெளிநாடு போய், போன் எண்ணும் மாறி, கடவுச்சொல்லும் மறந்துவிடும்.

முதலில் அவரை எப்படியாவது பிடியுங்கள். உறவினர் மூலம் ஒரு அழைப்பு எடுத்தால் பல நேரம் காரியம் முடியும். முடியாவிட்டால் விற்பனையாளருக்கு எழுதுங்கள். பணம் கட்டிய வங்கிக் கூற்று, அட்டையின் கடைசி நாலு இலக்கம், நிறுவனப் பதிவுச் சான்றிதழ் இவற்றில் இருப்பதை இணையுங்கள். சேர்வர் இன்னும் ஓடுகிறது என்றால் அதை அணைக்காமல், லைசன்ஸ் கோப்பைப் பிரதி எடுத்து வையுங்கள்.

இனி வாங்கும்போது நிறுவனத்தின் பெயரில் ஒரு பொது ஈமெயில் திறந்து, அதில் மட்டும் பதியுங்கள். அதன் கடவுச்சொல் இரண்டு பேருக்குத் தெரியட்டும். கீ, பற்றுச்சீட்டு, புதுப்பிக்கும் திகதி மூன்றையும் தாளில் அச்சடித்து, காணி உறுதி வைக்கும் அதே அலுமாரியில் வையுங்கள். பூட்டிக் கொடுக்கும் தம்பிமாருக்கும் ஒரு வேண்டுகோள்: வாடிக்கையாளரிடம் ஈமெயில் இல்லை என்றால் அவர் முன்னாலேயே ஒன்றைத் திறந்து கொடுங்கள். பத்து நிமிட வேலைதான்.

எல்லாம் பார்த்தாகிவிட்டது. விற்பனையாளருக்கு என்ன எழுதுவது?

லினக்ஸின் பெயரும் பதிப்பும், மென்பொருளின் பதிப்பு, பதிவுக் கோப்பில் வந்த சரியான வரி, அந்த நேரத்தில் சேர்வர் காட்டிய திகதி, ஹோஸ்ட் ஐடி, வாங்கிய கட்டளை எண். கீயின் கடைசி நாலு எழுத்து போதும்; முழுக் கீயை அவர்களே கேட்டால் மட்டும், அவர்களுடைய ஆதரவுத் தளத்துக்குள் கொடுங்கள். ஆங்கிலம் எளிமையாக இருந்தால் போதும், பதிவு வரிகளைத் தொடாமல் அப்படியே ஒட்டுங்கள். அமெரிக்காவில் உள்ள நிறுவனம் என்றால் அவர்களின் வேலை நேரம் ஆரம்பிக்கும்போது நமக்கு இரவாகியிருக்கும். பின்னேரம் எழுதி அனுப்பிவிட்டால் காலையில் பதில் இருக்க வாய்ப்பு அதிகம்.